மிஸ்டர் பீன் 14 எபிசோடுதான். 15 என்று எழுதுவதை நிறுத்துங்கள்

விஎச்எஸ்_வேந்தன் (திரி தொடங்கியவர்)

போன வாரம் பச்சைமினி, மிஸ்டர் பீனாக நடித்தவரைப் பற்றி, "ரோவன் அட்கின்சன்: எழுத்தும் நடிப்பும்" என்று ஒரு நீளப் பதிவு போட்டார். ஆளாளுக்கு மாலை மரியாதை செய்தீர்கள். நடுவில் ஒரு வரி: "1990 முதல் 1995 வரை மிஸ்டர் பீன் 15 எபிசோடுகள், அத்தனையும் அட்கின்சனே எழுதியவை." மாலை போட்டவர்களில் ஒருத்தராவது எண்ணிப் பார்த்தீர்களா?

நான் எண்ணித் தருகிறேன். 1990இல் மூன்று: ஜனவரி 1, நவம்பர் 5, டிசம்பர் 30. 1991இல் ஒன்றே ஒன்று, அக்டோபர் 15. 1992இல் மூன்று: ஜனவரி 1, பிப்ரவரி 17, டிசம்பர் 29. 1993இல் ஒன்று, பிப்ரவரி 17. 1994இல் மூன்று: ஜனவரி 10, ஏப்ரல் 25, அக்டோபர் 26. 1995இல் இரண்டு: செப்டம்பர் 20, அக்டோபர் 31. பிரிட்டனின் ஐடிவி சேனலில் வந்தது இவ்வளவு, 13. இதோடு 1995 நவம்பரில் வீடியோ கேசட்டாக மட்டும் வந்த முடிதிருத்தும் கடை எபிசோடு. 14. விரல் போதாதவர்கள் கால் விரலையும் சேர்த்துக்கொள்ளலாம்.

பச்சைமினி

வந்துட்டார்யா. அவ்வளவு பெரிய பதிவுல நியூகாசில்ல எலக்ட்ரிகல் இன்ஜினியரிங், ஆக்ஸ்போர்டு குயின்ஸ் காலேஜ்ல மேற்படிப்பு, அங்க ரிச்சர்ட் கர்ட்டிஸையும் இசையமைப்பாளர் ஹோவர்ட் குடாலையும் சந்திச்சது, 1979ல பிபிசி டூவுல 'நாட் த நைன் ஓ க்ளாக் நியூஸ்' காமெடி நிகழ்ச்சி, 1981ல அதுக்கு பாஃப்டா விருது, அதே வருஷம் மேடை ஷோவுக்கு ஒலிவியே விருது எல்லாம் எழுதியிருக்கேன். சாருக்கு அது ஒண்ணும் கண்ணுல படல. 15 மட்டும் பட்டிருக்கு.

15தான். 1995 டிசம்பர்ல 'பெஸ்ட் பிட்ஸ் ஆஃப் மிஸ்டர் பீன்' வந்துச்சு. அதை வசதியா விட்டுட்டீங்க.

சதுரப்பெட்டி

13. அன்னிக்கு டிவியில் வராதது டிவி எபிசோடு இல்லை.

விஎச்எஸ்_வேந்தன்

பச்சைமினி ஐயா, 'பெஸ்ட் பிட்ஸ்' தொகுப்பு. ஏற்கெனவே வந்த காட்சிகளை வெட்டி ஒட்டியது. தலைப்பிலேயே சொல்லிவிட்டார்கள். அதை எபிசோடு என்று எண்ணினால், தீபாவளிக்கு டிவியில் போடும் காமெடித் தொகுப்பையெல்லாம் புதுப்படம் என்று எண்ண வேண்டியதுதான்.

சதுரப்பெட்டி, உங்களுக்குத் தனியாக வருகிறேன்.

பச்சைமினி

தொகுப்புதான், யார் இல்லைன்னா? ஆனா அதுக்குன்னு புதுசா எடுத்த காட்சி இருக்கு. வெளியில மழை, பீன் பரண்ல குடை தேடறார், ஒவ்வொரு சாமானா கையில எடுக்கிறப்போ பழசு ஞாபகம் வருது, பக்கத்துல பொம்மைக் கரடி டெடி. அட்கின்சன் அதே கோட்டு, அதே டையோட வந்து நடிச்சிருக்காரு. நடிச்சு, எடுத்து, வெளியிட்டது எபிசோடு இல்லாம வேற என்ன?

விஎச்எஸ்_வேந்தன்

பரண் காட்சியையெல்லாம் சேர்த்துக் கட்டினால் எவ்வளவு தேறும்? அது பழைய துண்டுகளைக் கோக்கப் போட்ட நூல். மிச்சமெல்லாம் 1990களில் பார்த்தது. நூலை எபிசோடு என்று யாரும் சொல்வதில்லை. 14.

மிஸ்டர் பீன் எபிசோடு எப்படிக் கட்டப்படுகிறது என்று தெரிந்தவருக்கு இந்தச் சந்தேகமே வராது. அரை மணி ஸ்லாட். நடுவில் விளம்பரத்துக்காக ஒரு வெட்டு. இரண்டோ மூன்றோ பெரிய காட்சி, ஒவ்வொன்றிலும் ஒரு சின்னத் தேவையை முறைகெட்ட வழியில் தீர்ப்பது. மூன்றாவது எபிசோடில் வரும் பூங்கா பெஞ்சை எடுங்கள். பக்கத்தில் நடிகர் ஆங்கஸ் டேய்டன் வீட்டிலிருந்து கட்டிவந்த சாண்ட்விச்சைப் பிரித்துத் தின்கிறார். பீன் கோட்டுக்குள்ளிருந்து முழு ரொட்டியை எடுக்கிறார். கத்தரிக்கோலால் வெட்டுகிறார். கிரெடிட் கார்டால் வெண்ணெய் தடவுகிறார். கீரையைக் கழுவிக் காலுறைக்குள் போட்டுச் சுழற்றித் தண்ணீரை வடிக்கிறார். ஜாடியிலிருந்து உயிர் மீனை எடுத்து பெஞ்சில் அடித்துச் சாகடிக்கிறார். மிளகைக் கைக்குட்டையில் முடிந்து செருப்பால் நசுக்குகிறார். தேநீருக்கு ரப்பர் வெந்நீர்ப் பை, பாலுக்குக் குழந்தைப் புட்டி. எல்லாம் தயாராகிக் கடிக்கப் போகும்போது தும்மல். போச்சு.

ஒவ்வொரு சாமானும் முந்தின சாமானைவிட ஒரு படி அதிகம். வரிசையில் ஒன்றை உருவினால் தும்மலுக்குக் கனம் இல்லை. தொகுப்பு என்ன செய்யும்? தும்மலை வைத்துக்கொண்டு காலுறையை வெட்டும். ஆகவே தொகுப்பு எபிசோடு ஆகாது.

பச்சைமினி

சாண்ட்விச் கதை நல்லா இருக்கு. 15.

சதுரப்பெட்டி

13.

புதுசா_வந்தவன்

மன்னிக்கவும், நடுவில் வருகிறேன். 'எபிசோடு'னா எதையெல்லாம் கணக்கில் எடுக்கிறீங்கன்னு மூணு பேரும் முதல்ல சொல்லிட்டா சண்டையே இருக்காதே? ஒளிபரப்பா, படப்பிடிப்பா, வெளியீடா?

விஎச்எஸ்_வேந்தன்

தம்பி, அது எல்லாருக்கும் தெரிந்த விஷயம். 14.

யாழ்க்குருவி

நீங்கள் மூண்டு பேரும் எண்ணிக்கொண்டே இருங்கோ. பதிவிலை இருந்த பெரிய பிழையை ஒருத்தரும் கவனிக்கேல்லை. "அத்தனையும் அட்கின்சனே எழுதியவை" எண்டு கிடக்கு. ரொபின் ட்ரிஸ்கொல் எண்ட மனுசனைப் பற்றி அந்தப் பதிவிலை ஒரு சொல்லுக்கூட இல்லை. முதல் எபிசோட்டை அட்கின்சன், ரிச்சட் கேர்ட்டிஸ், பென் எல்ட்டன் மூண்டு பேரும் சேர்ந்து எழுதினவை. பிறகு எல்ட்டன் இல்லை, ட்ரிஸ்கொல் வாறார். 1997இலை வந்த பீன் படத்தின்ரை திரைக்கதை கேர்ட்டிஸும் ட்ரிஸ்கொல்லும். அதை இயக்கினது 'நாட் த நைன் ஓ க்ளாக்'கிலை கூட நடிச்ச மெல் ஸ்மித். 2007 படத்தின்ரை திரைக்கதை ஹேமிஷ் மக்கோலும் ட்ரிஸ்கொல்லும். ரெண்டு படத்திலையும் எழுத்தாளர் எண்டு அட்கின்சன்ரை பேர் இல்லை. ட்ரிஸ்கொல்லின்ரை பேர் ரெண்டிலையும் இருக்கு. ஆரை எழுத்தாளர் எண்டு சொல்லுறியள்?

பச்சைமினி

யாழ்க்குருவி, டைட்டில்ல பேர் இல்லன்னா எழுதலன்னு ஆயிடுமா? மிஸ்டர் பீன்ல எழுத்துங்கறதே வசனம் இல்ல. முதல் எபிசோடுல கடற்கரைல, முன்னாடி ஒருத்தர் உட்கார்ந்திருக்காரேன்னு வெட்கப்பட்டு, பேண்ட்டைக் கழட்டாமலே அது மேல நீச்சல் டிரவுசரை மாட்டிக்கிட்டு, அப்புறம் உள்ளேருந்து பேண்ட்டை உருவறாரு. கடைசியில அந்த ஆளுக்குக் கண்ணே தெரியாதுன்னு தெரியுது. இதைப் பேப்பர்ல எழுதினா ரெண்டு வரி. ஆக்ஸ்போர்டு மேடையில ஆரம்பிச்சு வருஷக்கணக்கா உடம்பால எழுதினது அது.

யாழ்க்குருவி

உடம்பாலை எழுதுறதுக்குப் பேர் நடிப்பு. அதுக்குத்தான் அவருக்கு பாஃப்டா குடுத்தவை.

கரும்பாம்பு

இந்தத் திரியைப் பார்க்கும்போது பரிதாபமாக இருக்கிறது. அட்கின்சன் என்றால் உங்களுக்குப் பொம்மைக் கரடியும் குட்டிக்காரும். 'பிளாக்ஆடர்' என்று பிபிசியில் அவர் நடித்த வரலாற்றுக் காமெடித் தொடர் ஒன்று இருக்கிறது. நான்கு சீசன்: 1983, 1986, 1987, 1989. சீசனுக்கு ஆறு. எண்ணிக்கைத் தகராறே இல்லாத சுத்தமான படைப்பு.

எழுத்தாளரா இல்லையா என்ற கேள்விக்கும் விடை அங்கேதான் இருக்கிறது. முதல் சீசனைக் கர்ட்டிஸும் அட்கின்சனும் சேர்ந்து எழுதினார்கள். ஆனிக் கோட்டையில் வெளிப்புறப் படப்பிடிப்பு, குதிரை, கூட்டம், செலவோ செலவு. நாயகன் எட்மண்ட் அதில் முட்டாள். அவன் வேலையாள் பால்ட்ரிக் அவனைவிடப் புத்திசாலி. பார்க்கப் பிரமாதம், சிரிப்பு குறைவு. பிபிசி ஒன்னின் மைக்கேல் கிரேட் இரண்டாவது சீசனுக்குத் தயங்கினார். பிறகு செலவைச் சுருக்கி ஸ்டூடியோவுக்குள் அடைந்தார்கள், அட்கின்சன் எழுத்திலிருந்து விலகினார், பென் எல்டன் வந்தார். எட்மண்ட் புத்திசாலி ஆனான், பால்ட்ரிக் முட்டாள் ஆனான். இரண்டு அறை, ஐந்து பேர், வசனம் மட்டும். தொடர் பிழைத்தது. அட்கின்சன் பேனாவைக் கீழே வைத்த பிறகுதான் தொடர் மேலே போனது. விரும்புகிறவர்கள் விரும்பும் முடிவுக்கு வரலாம்.

பச்சைமினி

ஐயோ பாம்பு வந்துடுச்சு. எந்தத் திரியா இருந்தாலும் பிளாக்ஆடர்.

கரும்பாம்பு

எந்தத் திரியிலும் நீங்கள் பீனின் மினி காரைக் கொண்டுவருவதைவிடக் குறைவுதான்.

விஎச்எஸ்_வேந்தன்

சதுரப்பெட்டிக்குத் தனியாக வருகிறேன் என்று சொல்லியிருந்தேன். வந்துவிட்டேன்.

"டிவியில் வராதது டிவி எபிசோடு இல்லை" என்கிறார். முடிதிருத்தும் கடை எபிசோடு 2006இல் பிரிட்டனில் நிக்கலோடியனில் வந்தது. நிக்கலோடியன் ரேடியோவா? மூன்று காட்சி அதில்: கடைக்காரர் இல்லாத நேரத்தில் வந்தவர்களுக்குப் பீன் முடிவெட்டுவது, ஊர்த் திருவிழாவில் நாய்ப் போட்டிக்கு டெடியைக் கொண்டுபோவது, ரயில் நிலையத்தில் டிக்கெட் இல்லாமல் திண்டாடுவது. அதே கட்டமைப்பு, அதே குழு, அதே காலத்துப் படப்பிடிப்பு. கேசட்டில் முதலில் விற்றார்கள் என்ற ஒரே காரணத்துக்காக அதைத் தள்ளிவைப்பது அநியாயம்.

சதுரப்பெட்டி

2006இல் வந்தது மறுவெளியீடு. தொடர் 1995 அக்டோபர் 31இல் முடிந்தது. 13.

பச்சைமினி

வேந்தன் சார், கேசட்ல வந்தது எபிசோடு ஆகும்னா, கேசட்லயும் டிவிடியிலயும் வந்த நூலகக் காட்சியும் பஸ் ஸ்டாப் காட்சியும் என்ன? அதுவும் அதே கோட்டு, அதே குழு. அப்போ 16? 17? உங்க பேச்சு உங்களுக்கே இடிக்குதே.

விஎச்எஸ்_வேந்தன்

அவை தனி ஸ்கெட்ச். சில நிமிடம் ஓடும். ஸ்கெட்சுக்கும் எபிசோடுக்கும் வித்தியாசம் தெரியாதவரா அட்கின்சனைப் பற்றிச் சகாப்தம் எழுதுவது? 1993இல் காமிக் ரிலீஃப் என்ற நன்கொடைத் திரட்டுக்காக 'பிளைண்ட் டேட்' என்ற ஜோடி தேடும் நிகழ்ச்சிக்குள் பீன் போய் உட்கார்ந்தாரே, அதை யாராவது எபிசோடு என்கிறோமா? 2012 லண்டன் ஒலிம்பிக் தொடக்க விழாவில் சைமன் ராட்டில் நடத்திய இசைக்குழுவில் ஒற்றை விரலால் ஒரே கீயை அடித்துக்கொண்டிருந்தாரே, அதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இஷ்டத்துக்குக் கூட்டுங்கள்.

தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பவரிடம் எத்தனை சொல்லி என்ன. 14.

பச்சைமினி

கண்ணாடியைப் பார்த்துச் சொல்லுங்க அதை.

இதெல்லாம் எங்கேருந்து வருதுன்னு எல்லாருக்கும் தெரியும். போன வருஷம் "மினி எப்பவும் எலுமிச்சைப் பச்சை"ன்னு எழுதினாரு. முதல் எபிசோடுல வண்டி ஆரஞ்சு, நம்பர் ஆர்என்டி 996எச். அப்புறம்தான் கருப்பு பானட் போட்ட பச்சை வண்டி, எஸ்எல்டபிள்யூ 287ஆர் வருதுன்னு நான் காட்டினேன். அன்னிலேருந்து என் பதிவுல ஒவ்வொரு எண்ணா தோண்டிக்கிட்டு இருக்காரு.

விஎச்எஸ்_வேந்தன்

நான் எழுதியது "மக்கள் நினைவில் எப்போதும் பச்சை". நினைவில். படித்துவிட்டுப் பேசவும்.

யாழ்க்குருவி

அந்த ஆரஞ்சு மினியும் ட்ரிஸ்கொல் வர முந்தித்தான். சும்மா சொன்னன்.

புதுசா_வந்தவன்

ஒரு சந்தேகம். தொடரில் கேட்கும் சிரிப்பு டப்பாவிலிருந்து போட்டதுதானே? தெருவில் கார் ஓட்டும்போதுகூடச் சிரிப்பு வருது, அங்கே ஏது கூட்டம்?

விஎச்எஸ்_வேந்தன்

இது உருப்படியான கேள்வி. டப்பா இல்லை.

அந்தக் காலத்து பிரிட்டிஷ் காமெடி எடுக்கிற முறை இது. தெரு, கடற்கரை, பூங்கா எல்லாவற்றையும் முதலில் வெளியே எடுத்து, வெட்டி, ஓரளவு முடித்துவிடுவார்கள். பிறகு ஒரு மாலை ஸ்டூடியோவில் பார்வையாளர்களை உட்காரவைத்து, அறைக் காட்சிகளை அவர்கள் முன்னால் நடிப்பார்கள். நடுநடுவே வெளியே எடுத்ததை மானிட்டரில் ஓட்டுவார்கள். மேலே தொங்கும் மைக்குகளில் அவர்கள் சிரிப்பு பதிவாகும்.

இதில் கஷ்டம் வெளிப்புறக் காட்சிக்குத்தான். நேரில் நடிக்கும்போது சிரிப்பு நீண்டால் அட்கின்சன் முகத்தை அப்படியே நிறுத்தி, அலை இறங்கும்வரை புருவத்தை மட்டும் அசைப்பார். முன்கூட்டியே வெட்டிய காட்சி காத்திருக்காது. எடிட்டர் சிரிப்பின் நீளத்தை ஊகித்து இடைவெளி விட வேண்டும். குறைவாக விட்டால் அடுத்த செய்கை சிரிப்பில் மூழ்கிப்போகும். அதிகமாக விட்டால் யாரும் சிரிக்காத மௌனத்தில் ஒரு ஆள் விழித்துக்கொண்டு நிற்பார். பேச்சுக் காமெடியில் ஒரு வசனம் மூழ்கினால் அடுத்தது காப்பாற்றும். பீனில் ஒரு செய்கை தவறினால் காட்சி முழுக்கப் புரியாது. 1997 படம் டிவியளவு கச்சிதமாக இல்லை என்று பலருக்குத் தோன்றியதற்கு எனக்குத் தெரிந்த காரணம் இதுதான்: தியேட்டரில் அந்த அளவுகோல் இல்லை.

இதையும் கவனியுங்கள்: எபிசோடு என்றால் இந்த முறையில் பிறந்தது. தொகுப்புக்கு இது எதுவும் தேவையில்லை. 14.

பச்சைமினி

எங்க சுத்தினாலும் அங்கதான் வந்து நிக்கறாரு. தொகுப்புல கேக்கற சிரிப்பு மட்டும் எங்க பிறந்துச்சு? அதே கூட்டத்தோட சிரிப்புதான்.

கரும்பாம்பு

சிரிப்புப் பேச்சு வந்ததால் சொல்கிறேன். பிளாக்ஆடர் நான்காவது சீசனின் கடைசிக் காட்சி, 1989 நவம்பர் 2. முதல் உலகப்போர்ப் பதுங்குகுழியிலிருந்து நால்வரும் மேலேறி ஓட வேண்டும். ஸ்டூடியோவில் போட்ட போர்க்களம் சிறியது, எடுத்ததும் சில நொடிதான், பார்த்தால் சப்பென்று இருந்தது. எடிட்டிங்கில் அதை மெதுவாக்கினார்கள். ஹோவர்ட் குடாலின் தலைப்பு இசையைப் பியானோவில் இழுத்து வாசித்ததைப் போட்டார்கள். படம் கரைந்து பாப்பி மலர் வயலாக மாறியது. இருபத்து மூன்று எபிசோடு சிரித்தவர்களை அழவைத்தது சரியாக எடுக்க முடியாமல்போன ஒரு காட்சி. பெஞ்சில் மீனை அடிப்பதைப் பற்றி நீங்கள் பத்தி பத்தியாக எழுதுவதால் இதையும் ஒரு மூலையில் வைக்கிறேன்.

பச்சைமினி

அழகா எழுதியிருக்கீங்க, ஆனா திரி பீன் பத்தி. பாப்பியை எடுத்துக்கிட்டுப் போங்க.

சேதத்துக்கே பேர் போன சீன் வேணும்னா 1994 ஜனவரி எபிசோடைப் பாருங்க. அறைக்குப் பெயிண்ட் அடிக்கணும், பிரஷ் சரிவரல. அறையில இருக்கற சாமான் ஒவ்வொண்ணையும் நியூஸ்பேப்பர்ல சுத்தறாரு. திராட்சையைக்கூட ஒவ்வொண்ணா தனித்தனியா சுத்தறாரு. பெயிண்ட் டப்பாவை நடுவுல வெச்சு, உள்ள பட்டாசைச் சொருகி, திரியைப் பத்தவெச்சுட்டு வெளியில ஓடறாரு. வெடிக்கறதுக்கு முன்னாடி, முந்தின ராத்திரி பார்ட்டிக்கு வந்தவரு மறந்துபோன தொப்பியை எடுக்க உள்ள போயிடறாரு. பீன் திரும்பி வந்து பார்த்தா சுவரெல்லாம் பெயிண்ட், ஒரு இடத்துல மட்டும் தொப்பி எடுக்கப்போன ஆளோட உருவம் அச்சா காலியா இருக்கு. வெடிச்சதைக் காட்டறதைவிட அந்தக் காலி இடம்தான் சிரிப்பு. அதே எபிசோடுலதான் கார்ல இடம் இல்லாம சோபா நாற்காலியைக் கூரைமேல கட்டி, அதுமேல உட்கார்ந்து கயிறு இழுத்து ஸ்டியரிங்கைத் திருப்பறது.

இப்ப சொல்லுங்க, இதை யோசிச்சவர் எழுத்தாளர் இல்லையா?

யாழ்க்குருவி

ஓம், எழுத்தாளர்தான். ஆனால் ஆர்? கேர்ட்டிஸா, ட்ரிஸ்கொல்லா, அட்கின்சனா? மூண்டு பேரின்ரை பேரும் ஒண்டாக் கிடக்கேக்கை உங்களுக்கு ஒரு பேர் மட்டும் எப்பிடித் தெரியுது? 'தின் ப்ளூ லைன்' எண்ட பொலிஸ் காமெடித் தொடரை எடுங்கோ. 1995, 96இலை ரெண்டு சீசன், 14 எபிசோட். எழுதினது பென் எல்ட்டன். அட்கின்சன் இன்ஸ்பெக்டர் ஃபௌலராய் நடிச்சவர். அதையும் அவரே எழுதினது எண்டு நாளைக்குப் போடுவியள்.

விஎச்எஸ்_வேந்தன்

பாருங்கள், தின் ப்ளூ லைன் 14 என்று யாழ்க்குருவி ஒரே மூச்சில் சொல்லிவிட்டார், யாரும் சண்டைக்கு வரவில்லை. மிஸ்டர் பீனும் 14. அதற்கு மட்டும் ஏன் இத்தனை ஆர்ப்பாட்டம்?

காரணத்தை நானே சொல்கிறேன். மிஸ்டர் பீனுக்குச் சீசன் கிடையாது. ஒவ்வொன்றும் தனி நிகழ்ச்சிபோல, புத்தாண்டுக்கு ஒன்று, கிறிஸ்துமஸுக்கு ஒன்று என்று வந்தது. நடுவில் நிறுவனமே மாறியது. தேம்ஸ் டெலிவிஷன் 1992 டிசம்பர் 31ஆம் தேதியோடு ஒளிபரப்பு உரிமையை இழந்தது. வான்கோழிக்குள் தலை மாட்டிக்கொள்ளும் கிறிஸ்துமஸ் எபிசோடு வந்தது டிசம்பர் 29, தேம்ஸுக்கு மிச்சம் இரண்டு நாள். ஹோட்டல் அறை எபிசோடிலிருந்து சென்ட்ரல் டெலிவிஷன். இதை அறியாதவர்கள் இரண்டு பட்டியலையும் சேர்க்கும்போது தடுமாறுகிறார்கள். இன்னொரு பொறி: தயாரித்த ஆண்டு வேறு, ஒளிபரப்பிய ஆண்டு வேறு. பல் மருத்துவர் எபிசோடு தயாரானது 1991, வந்தது 1992 புத்தாண்டு அன்று. அதை இரண்டு ஆண்டிலும் எழுதி இரண்டாக எண்ணியவர்களையும் பார்த்திருக்கிறோம். மறுஒளிபரப்பில் காட்சிகளை நறுக்கி வேறு தலைப்பில் போடுவது தனிக் குழப்பம்.

எந்த வழியில் எண்ணினாலும், ஒழுங்காக எண்ணினால், 14.

பச்சைமினி

எந்த வழியில எண்ணினாலும் 14ஆ? சதுரப்பெட்டி வழியில 13, என் வழியில 15. ஒரே ஒரு வழியிலதான் 14 வருது. அது வேந்தன் வழி.

சதுரப்பெட்டி

என் வழி ஐடிவி வழி.

புதுசா_வந்தவன்

அதான் முதல்லயே கேட்டேன், எதை எபிசோடுன்னு

விஎச்எஸ்_வேந்தன்

தம்பி, பெரியவர்கள் பேசும்போது.

புதுசா_வந்தவன்

என்னைத் தம்பின்னு கூப்பிட நீங்க யாரு? வயசு தெரியுமா உங்களுக்கு?

மட்டுறுத்துநர்

தனிநபர் தாக்குதல் வேண்டாம். பேசுபொருள் அட்கின்சன். இரண்டாவது எச்சரிக்கைக்குப் பிறகு திரி பூட்டப்படும்.

பச்சைமினி

பூட்டணும்னா பீன் மாதிரி பூட்டுங்க. கதவுல தாழ்ப்பாள் அடிச்சு அதுல பூட்டு தொங்கவிட்டு, ஸ்டியரிங்கையும் கழட்டிக் கையோட எடுத்துக்கிட்டுப் போயிடுங்க. 1994 அக்டோபர் எபிசோடுல சீஃப்டன் டாங்கி ஏறி மினி அப்பளமாப் போனப்புறமும் அந்தப் பூட்டு மட்டும் பத்திரமா இருந்துச்சு.

விஎச்எஸ்_வேந்தன்

மறுபடி மினி. கேட்ட கேள்விக்குப் பதில் இல்லாதபோதெல்லாம் மினி.

பச்சைமினி

கேள்வியா? நீங்க எங்க கேள்வி கேட்டீங்க? 14, 14, 14னு ஜபம்தான் பண்றீங்க. நான் கேட்டதுக்கு இன்னும் பதில் வரல. புதுசா எடுத்த பரண் காட்சி, அட்கின்சன் நடிச்சது, 1995 டிசம்பர். அதை எந்தக் கணக்குல வைக்கறீங்க?

விஎச்எஸ்_வேந்தன்

நூல் கணக்கில். மேலே எழுதியாயிற்று, போய்ப் படிக்கவும். பதிவில் 15ஐ அடித்து 14 என்று திருத்தும்வரை நான் இந்தத் திரியை விடப்போவதில்லை.

பச்சைமினி

திருத்த மாட்டேன். வேணும்னா "15 (வேந்தனுக்கு 14)"னு போடறேன்.

யாழ்க்குருவி

எண்ணைத் திருத்தாட்டிலும் பரவாயில்லை, ட்ரிஸ்கொல்லின்ரை பேரைப் போடுங்கோ.

பச்சைமினி

எண் பிரச்சினை முடியட்டும், அப்புறம் பார்க்கலாம்.

கரும்பாம்பு

இப்படி ஒரு எண்ணுக்காக அடித்துக்கொள்வதைப் பார்த்தால், ஆறு நான்கு இருபத்து நான்கு என்று அமைந்த தொடரின் அருமை புரிகிறது.

பச்சைமினி

ஓ, பிளாக்ஆடர் 24ஆ? அப்போ 1988ல காமிக் ரிலீஃபுக்கு எடுத்த 'கேவலியர் இயர்ஸ்' எங்க? அதே வருஷம் 'கிறிஸ்துமஸ் கரோல்' எங்க? லண்டன் மில்லேனியம் டோம்ல காட்ட எடுத்த 'பேக் அண்ட் ஃபோர்த்' எங்க? 1982ல எடுத்து 2023 வரைக்கும் டிவிக்கே வராம கிடந்த பைலட், அந்த வெள்ளோட்ட எபிசோடு எங்க? 28 ஆகுது பாம்பு சார்.

கரும்பாம்பு

அவை சிறப்பு நிகழ்ச்சிகள். தொடர் 24.

சதுரப்பெட்டி

24.

விஎச்எஸ்_வேந்தன்

சதுரப்பெட்டி, ஒரு நிமிடம். டிவியில் வந்ததுதான் எபிசோடு என்பது உங்கள் சட்டம். 'கேவலியர் இயர்ஸ்' பிபிசியில் வந்தது. 'கிறிஸ்துமஸ் கரோல்' 1988 டிசம்பர் 23, பிபிசியில் வந்தது. உங்கள் சட்டப்படியே 26. முடிதிருத்தும் கடைக்கு ஒரு சட்டம், இதற்கு ஒரு சட்டமா?

சதுரப்பெட்டி

24. 13.

கரும்பாம்பு

26 என்று யார் சொன்னது? வேந்தன் இதற்குள்ளும் கையை விட வேண்டாம்.

விஎச்எஸ்_வேந்தன்

கையை விடவில்லை, எண்ணினேன். இங்கே வேறு யாரும் செய்யாத வேலை. கேவலியர் இயர்ஸ் கால் மணி நேரம், அதனால் அதைத் தனி ஸ்கெட்ச் என்று தள்ளலாம். கிறிஸ்துமஸ் கரோல் முழுநீளம், அதைத் தள்ள வழியே இல்லை. ஆக பிளாக்ஆடர் 25. எழுதிவைத்துக்கொள்ளுங்கள்.

கரும்பாம்பு

இருபத்தைந்தா!

பச்சைமினி

28. அப்புறம் அங்க 15.